குண்டனுக்கு இருநூறு வயது

பதினான்கு வருடமாகத் தொலைக்காட்சியில் பழைய விஷயங்களைப் பேசிப் பிழைக்கிறேன். கோயில், கோட்டை, கல்லறை, கிணறு என்று எதன் முன்னால் நிறுத்தினாலும் மூன்று நிமிடம் தடங்கல் இல்லாமல் பேசிவிடுவேன். இத்தனை வருடத்தில் தப்பாகச் சொன்னதும் கொஞ்சநஞ்சமில்லை. பெரும்பாலானவற்றை யாராவது கடிதம் எழுதித் திட்டித் திருத்திவிட்டார்கள். ஒரே ஒரு தப்பை மட்டும் யாரும் திருத்தவில்லை. அது எங்கள் வீட்டு வாசலில் நின்றுகொண்டு, என் அப்பா கேட்க நான் சொன்னது.

எங்கள் வீடு ராயபுரத்தில், துறைமுக மதிலிலிருந்து இரண்டு தெரு தள்ளி, ஒரு முக்குத் திருப்பத்தில் இருக்கிறது. பெரிய சாலையில் நெரிசல் அதிகமானால் துறைமுக லாரிகள் குறுக்கு வழி என்று எங்கள் தெருவுக்குள் மூக்கை நுழைக்கும். அந்தத் திருப்பத்தில், வாசற்படியை ஒட்டி, இடுப்புயரத்துக்கு ஓர் இரும்புத் தூண் நிற்கிறது. அடி பருத்து, தலை காளான் மாதிரி விரிந்து, தலையில் ஒரு பக்கம் உடைந்திருக்கும். துறைமுகத்தில் கப்பலின் கயிற்றை மாட்டிக் கட்டுகிற இரும்பு அது. அங்கே அதற்குப் பொல்லார்டு என்று பேர். எங்கள் தெருவில் குண்டன்.

குண்டன் மேல் துணி காயும், பூனை தூங்கும், கேரம்போர்டு நடக்கும். ஆயுத பூஜைக்கு எதிர்வீட்டு அக்கா அவனுக்குச் சந்தனம் வைப்பார். டிசம்பர் வந்தால் என் அம்மா அவன் தலையில் காகித நட்சத்திரம் ஒன்றைக் கட்டிவிடுவாள். மாதா கோயிலுக்குப் புதிதாக வரும் உறவினர்களுக்கு வழி சொல்லும்போது, "குண்டனாண்ட வந்து நின்னு குரல் குடு" என்போம். நான் பேச்சு பழகியதும், பாடம் படித்ததும், வேலை கிடைத்த சேதியைத் தெருவுக்கே கத்திச் சொன்னதும் அவன் மேல் சாய்ந்துதான். அவன் எங்கிருந்து வந்தான் என்று கேட்க எனக்குத் தோன்றவே இல்லை. பிறந்ததிலிருந்து பார்க்கிற ஒன்றைப் பற்றி அப்படிக் கேட்கத் தோன்றாது போலிருக்கிறது.

அப்பா துறைமுகத்தில் கயிறு பிடிக்கும் ஆள். கப்பல் கரையை அணையும்போது மேலிருந்து ஒரு மெல்லிய கயிற்றை வீசுவார்கள். அதைப் பிடித்து இழுத்தால் பின்னாலேயே தொடைக் கனத்தில் பெரிய கயிறு வரும். ஐந்தாறு பேர் சேர்ந்து அதை இழுத்துக் கரையில் நிற்கும் பொல்லார்டில் மாட்ட வேண்டும். மழையோ வெயிலோ, கப்பல் வரும் நேரம்தான் வேலை நேரம். முப்பத்தைந்து வருடம் அதைச் செய்தார். அவர் உள்ளங்கையில் ரேகையே கிடையாது, கயிறு எல்லாவற்றையும் தேய்த்துவிட்டது.

அந்தப் படப்பிடிப்பு நாள் எனக்கு அப்படியே ஞாபகம் இருக்கிறது. என் நிகழ்ச்சி ஆரம்பித்துச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. வடசென்னையின் பழைய இடங்களைப் பற்றி ஒரு வாரம். காலையில் இரண்டு இடம் முடிந்தது. மூன்றாவதாகப் போக வேண்டிய கட்டடத்தில், கொடுத்த அனுமதியை மதியம் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். வேன் நிற்கிறது, ஏழு பேர் நிற்கிறோம், வெயில் இறங்கிக்கொண்டிருக்கிறது. இயக்குநர் யாரைத் திட்டுவது என்று தெரியாமல் எல்லாரையும் திட்டிக்கொண்டிருந்தார். நான்தான் ஆர்வக் கோளாறில், "எங்க தெருவுல ஒரு பழைய இரும்பு இருக்கு சார், கப்பல் கட்டற இரும்பு" என்றேன்.

வந்து பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. ஆனால் நாலு மணிக்கு மேல் எங்கள் தெருவில் எதிர்வீட்டு மாடி நிழல் விழுந்துவிடும். என் முகம் இருட்டாக இருந்தது. லைட்மேன் காலையிலேயே வேறு யூனிட்டுக்குப் போயிருந்தார். வேனில் ஒரு தெர்மாகோல் பலகை மட்டும் இருந்தது. வெயில் படும் இடத்தில் நின்று அதைச் சாய்த்துப் பிடித்தால் வெளிச்சம் பட்டு முகத்துக்குத் திரும்பும். யார் பிடிப்பது? லுங்கியும் பனியனுமாக எல்லாருக்கும் டீ எடுத்துக்கொண்டு வந்த அப்பாவிடம் கேமராமேன், "ஐயா, இதைக் கொஞ்சம் புடிங்களேன்" என்று நீட்டிவிட்டார். அப்பா டீத் தட்டை அம்மாவிடம் கொடுத்துவிட்டு, பலகையை வாங்கி, அவர் காட்டிய மாதிரியே சாய்த்து நின்றார்.

நான் பேசினேன். துறைமுகம் வருவதற்கு முன்னால் கடல் இந்தத் தெருவரைக்கும் இருந்தது என்றேன். பிறகு அது மெல்லப் பின்வாங்கிவிட்டது என்றேன். இருநூறு வருடங்களுக்கு முன் படகுகளும் சிறு கப்பல்களும் இந்தத் தூணில்தான் கட்டப்பட்டன என்றேன். முந்தின வாரம்தான் கடற்கரையைப் பற்றி ஒரு புத்தகத்தை அவசரமாகப் புரட்டியிருந்தேன். அந்தத் தெம்பு. குண்டன் உடம்பில் தெருப் பக்கமாக நிறையக் கீறல்கள் உண்டு. அவற்றை விரலால் தடவி, "இதோ, கயிறுகள் உரசிய தடங்கள். இரண்டு நூற்றாண்டு இந்த இரும்பில் எழுதப்பட்டிருக்கிறது" என்று முடித்தேன். அந்தக் கடைசி வரி அப்போதே தோன்றியது. எனக்கே என்னைப் பார்த்துப் பெருமையாக இருந்தது.

தெருவில் முப்பது பேராவது நின்று பார்த்தார்கள். ஒருவர்கூட வாயைத் திறக்கவில்லை. எங்கள் தெருவில் முப்பது பேர் ஒரே நேரத்தில் வாயை மூடிக்கொண்டு நின்றது அதுதான் முதலும் கடைசியும். என் பேச்சில் மயங்கிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

"ஐயா கை சூப்பர்ங்க. ஒரு ஆட்டம் இல்ல. லைட்மேன் புடிச்சாக்கூட இப்படி நிக்காது" என்றார் கேமராமேன்.

"கயிறு புடிச்ச கை சார்" என்று அப்பா சிரித்தார்.

நிகழ்ச்சி வெளியான பிறகு அந்த மூன்று நிமிடத்தை மட்டும் யாரோ வெட்டிப் போட, அது போன் போனாகச் சுற்றியது. ஞாயிற்றுக்கிழமைகளில் தொப்பியும் தண்ணீர் பாட்டிலுமாகப் பழமை பார்க்கும் கூட்டம் வர ஆரம்பித்தது. கல்லூரியிலிருந்து பஸ்ஸில் வந்தார்கள். குண்டனைக் கட்டிப்பிடித்துப் படம் எடுத்துக்கொண்டார்கள். எதிர்வீட்டு அக்கா வாசலில் மீன் வறுத்து விற்பவர். வருகிறவர்களுக்குச் சரித்திரமும் சேர்த்துக் கொடுத்தார். "வெள்ளக்காரன் கப்பலு ஒண்ணு இங்கதான் ஆறு மாசம் நின்னுகினு இருந்துச்சி. எங்க மாமியாரு கண்ணால பாத்துச்சி" என்பார். மாமியாருக்கு அப்படியானால் இருநூறு வயதைத் தாண்டியிருக்க வேண்டும். யாரும் அந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கவில்லை.

அப்பாவிடம் யாராவது கேட்டால் அவர் வேறு எதையும் சேர்க்க மாட்டார். "எம் பொண்ணு டிவில சொல்லிகிது" என்பார். அவ்வளவுதான்.

இரண்டு வருடம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை. அம்மா முற்றத்தில் குந்தி நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு கல்லூரியில் கடற்கரையைப் பற்றிப் பேசக் கூப்பிட்டிருக்கிறார்கள் என்று அளந்துகொண்டிருந்தேன். கடல் பின்வாங்கியதைப் பற்றித்தான் பேசப் போகிறேன் என்றேன். அம்மா கையிலிருந்த மீனைச் சட்டியில் போட்டாள்.

"கடலு எங்கடி பின்னால போச்சி? எங்கம்மா வூட்ட எது துன்னுச்சி?"

அம்மா பிறந்த வீடு கடலோரக் குப்பத்தில் இருந்தது. அவளுக்குப் பத்து வயதிருக்கும்போது கடல் அதை எடுத்துக்கொண்டுவிட்டது. சின்ன வயதில் எத்தனையோ முறை, கருங்கல் கொட்டிய கரையில் நின்று, அதோ அந்த அலை உடைகிற இடத்துக்கும் அப்பால் எங்கள் வீடு என்று கை காட்டியிருக்கிறாள். துறைமுகச் சுவர் வந்த பிறகு அதற்குத் தெற்கேதான் மணல் சேர்ந்து கடல் விலகியது. வடக்கே, எங்கள் பக்கம், மணல் வராமல் கடல் கரையைத் தின்றுகொண்டே வந்தது. புத்தகத்தில் தெற்கைப் பற்றிப் படித்ததை நான் வடக்கில் நின்று ஒப்பித்திருக்கிறேன். குப்பத்தில் நாலு வயதுக் குழந்தைக்குக்கூடத் தெரிந்த விஷயம். நிகழ்ச்சி வந்த அன்று அம்மா என்ன சொன்னாள் என்று யோசித்துப் பார்த்தேன். "பொடவ நல்லா இருந்துச்சி" என்று மட்டும்தான் சொன்னாள்.

"அப்ப குண்டன்?" என்றேன்.

"அத்த உங்க நைனாதான் நட்டாரு. நீ கைக்கொழந்தையா இருந்தப்போ. போயி அவராண்டயே கேளு" என்று அம்மா மறுபடி மீனை எடுத்துக்கொண்டாள்.

அப்பா கண்ணாடியைச் சன்னலில் சாய்த்து வைத்துச் சவரம் செய்துகொண்டிருந்தார். போய் நின்று, "ஏன் நைனா அன்னிக்கே சொல்லல?" என்றேன். குரல் எனக்கே அழுகையாகக் கேட்டது.

"கேமரா ஓடிக்கினு இருந்துச்சே" என்றார், பாதி முகம் நுரையோடு. பிறகு கத்தியைக் கழுவிவிட்டு, "அத்தினி பேரு முன்னாடி உன்ன நிறுத்தி, தப்புமான்னு சொல்லச் சொல்றியா? நீ சோக்கா பேசிகினு இருந்தே. எனக்கு மனசு வர்ல" என்றார்.

படப்பிடிப்பு நடந்த அன்று சாயங்காலமே அவர் தெருவில் வீடு வீடாகப் போயிருக்கிறார். யாரும் எதுவும் கேட்கக் கூடாது, புள்ள சொன்னது சொன்னதாகவே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். எதற்கும் ஒத்துப் போகாத எங்கள் தெரு அதற்கு மட்டும் ஒத்துப் போயிருக்கிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை நன்றாக அழுதேன். அழுதுவிட்டு என்ன செய்தேன் என்று கேட்டால், ஒன்றும் செய்யவில்லை. நிகழ்ச்சிக்கு அப்போதுதான் நல்ல நேரம் கிடைத்திருந்தது. சரித்திரம் சொல்கிறவள் தன் வீட்டு வாசலையே தப்பாகச் சொன்னாள் என்று சிரிப்பார்களே என்று பயம். அடுத்த வாரம் சொல்லலாம், அடுத்த தொடரில் சொல்லலாம் என்று தள்ளிப் போட்டதில் பத்து வருடம் ஓடிவிட்டது. தெரியாமல் சொன்னபோது அது தப்பு. தெரிந்து சும்மா இருந்தபோது பொய். என் அப்பா தன் கையால் நட்ட ஒன்றை நான் வெள்ளைக்காரனுக்கு எழுதிக் கொடுத்துவிட்டேன், அவர் அதற்கு வெளிச்சம் பிடித்தார். ஒவ்வொரு முறை வீட்டுக்கு வரும்போதும் குண்டனைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு போவேன்.

போன வருடம் மழைக்கு முன்னால் எங்கள் தெருவில் மழைநீர்க் கால்வாய் தோண்ட ஆரம்பித்தார்கள். கோடு போட்டதில் குண்டன் சரியாக நடுவில் வந்துவிட்டான். எதிர்வீட்டு அக்கா போன் செய்தார். "இன்னா டிவிகாரி, உன் குண்டன இஸ்துகினு போவப் போறாங்க. சீக்கிரம் வா" என்றார்.

போனபோது பொறியாளர் தெருவிலேயே நின்றிருந்தார். சின்னப் பெண், இருபத்தைந்து வயதுக்கு மேல் இருக்காது. என்னைப் பார்த்ததும் கையிலிருந்த கோப்பைத் திறந்து காட்டினார். உள்ளே, குண்டன் மேல் கை வைத்து நான் நிற்கும் படத்தை அச்செடுத்து வைத்திருந்தார்.

"மேடம், ஸ்கூல் படிக்கும்போது உங்க ப்ரோக்ராம் பாத்துட்டுதான் எங்க வீட்ல சாப்பாடே. இது பழமையான பொருள்னு நீங்க ஒரு லெட்டர் குடுத்துடுங்க. நான் மேல பேசி கால்வாயை ஒரு மூணு அடி வளைச்சிடறேன். லெட்டர் இல்லன்னா என்னால ஒண்ணும் பண்ண முடியாது. வியாழக்கிழமை எடுத்துடுவாங்க."

தெருவே என்னைப் பார்த்தது. அப்பா வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில், மூட்டுக்குத் துண்டு சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் என்னைப் பார்க்கவில்லை, குண்டனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

உள்ளே போய்க் காகிதத்தை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். இரண்டு வரி போதும். இருநூறு ஆண்டுகள் பழமை வாய்ந்தது, பாதுகாக்கப்பட வேண்டியது. கண்ணை மூடிக்கொண்டு எழுதிவிடலாம், இது மாதிரி எவ்வளவோ எழுதியிருக்கிறேன். எழுதினால் குண்டன் இருப்பான், பொய்க்கு என் கையெழுத்து விழும். எழுதாவிட்டால் அப்பா நட்டதை வியாழக்கிழமை பிடுங்கிப் போடுவார்கள். பேனா மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தேன்.

அப்பா சுவரைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்து கட்டிலில் உட்கார்ந்தார்.

"இன்னா யோசிக்கிற? எழுதிக் குட்த்துடு. இத்தினி நாளு சொன்னதுதானே."

"பொய்யி நைனா."

"இருக்கட்டும். குண்டன் நிக்கணும்."

இத்தனை வருடமும் அவர் என் மானத்துக்காகத்தான் வாயை மூடிக்கொண்டிருக்கிறார் என்று நினைத்திருந்தேன். இப்போது அவர் குரலில் என் மானம் இல்லை. குண்டன் நிற்க வேண்டும் என்பது மட்டும் இருந்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. கண்ட கண்ட ஊரில், கண்ட கண்ட கல்லுக்கு முன்னால், யார் யாரிடமோ கேட்ட கேள்வியை நான் இவரிடம் மட்டும் கேட்டதில்லை. அந்தக் கேள்விதான் எனக்குச் சோறு போட்டது.

"அத்த ஏன் நைனா அங்க நட்டே?"

சமையலறையில் அம்மா ஏதோ உருட்டிக்கொண்டிருந்த சத்தம் நின்றது.

"உனக்குப் பத்து மாசம்" என்றார். "நடவண்டிய தள்ளிகினு வாசலாண்ட போயிடுவ. எத்தினி வாட்டி தூக்கினு வந்து உள்ள உட்டாலும் மறுபடியும் வாசலுக்குத்தான் போவ. அன்னிக்கி நான் ராத்திரி டூட்டி முட்ச்சிட்டு வந்து பட்த்துகினு இருந்தேன். உங்கம்மா பாலு பொங்குதுன்னு உள்ள போச்சி. எனக்கு இன்னான்னே தெரியல, முழிப்பு வந்துச்சி. எழுந்து வந்து உன்ன வாரித் தூக்கினேன். ரெண்டு அடிதான் உள்ள வெச்சிருப்பேன். லாரி ஒண்ணு திரும்புச்சி. பின் சக்கரம் படிமேல ஏறி எறங்கிச்சி. நடவண்டி சில்லு சில்லா பூடுச்சி."

அவர் மூட்டைத் தடவிக்கொண்டார்.

"நீ சிரிச்சிகினு இருந்தே. சத்தம் கேட்டு சிரிச்சே" என்றார்.

அதற்குப் பிறகு ஒரு வாரம் அவர் வேலைக்குப் போகவில்லையாம். வாசலிலேயே குந்திக்கொண்டு லாரி வந்தால் எழுந்து நின்றாராம். எத்தனை நாள் அப்படி நிற்க முடியும்? அப்போது துறைமுகத்தில் கப்பல் அணையும் பழைய மேடை ஒன்றைப் புதுப்பித்துக்கொண்டிருந்தார்கள். தலை உடைந்த பொல்லார்டு ஒன்றைப் பிடுங்கி ஓரமாகப் போட்டிருந்தார்கள். அதில் அப்பாவே பல வருடம் கயிறு மாட்டியிருக்கிறார். "மலையாட்டம் வர்ற கப்பலையே நிறுத்துது. லாரிய நிறுத்தாதா?" அதிகாரியிடம் முறையாக எழுதிக் கொடுத்துக் கேட்டு வாங்கியிருக்கிறார். கூட வேலை செய்த ஐந்து பேர் சேர்ந்து அதை மூன்று சக்கர மீன்பாடி வண்டியில் ஏற்றித் தள்ளிக்கொண்டு வந்தார்கள். வழியில் வண்டியின் டயர் இரண்டு முறை வெடித்தது. நெஞ்சளவு பள்ளம் தோண்டி நட்டார்கள்.

"அப்பால ஒரு சக்கரம் நம்ம படி மேல ஏறல" என்றார். "எத்தினியோ வண்டி வந்து அதுமேல மோதி நின்னுச்சி. ஒரசிகினு போச்சி. அந்தக் கீறலெல்லாம் அதான்."

கயிறு உரசிய தடங்கள் என்று கேமரா முன்னால் நான் விரலால் தடவிக் காட்டிய கீறல்கள். ஒவ்வொன்றும் எங்கள் வாசலுக்கு வராமல் நின்ற ஒரு லாரி. நான் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

பிறகு கடிதத்தை எழுதினேன். இரண்டு வரியில் முடியவில்லை, ஒன்றரைப் பக்கம் வந்தது. இந்தத் தூண் பழமையானது என்று தொலைக்காட்சியில் நான் கூறியது தவறு. இதை இங்கே நட்டவர் என் தந்தை. நட்ட காரணம் இது. இப்படியே எழுதிக் கையெழுத்துப் போட்டு, வெளியே போய்ப் பொறியாளரிடம் கொடுத்தேன். அந்தப் பெண் நின்றபடியே படித்தார். மறுபடி முதலிலிருந்து படித்தார்.

"இதுல பழமைன்னு ஒண்ணுமே இல்லையே மேடம்" என்றார்.

"இல்லம்மா."

அவர் குண்டனைச் சுற்றி வந்து, குனிந்து, கீறல்களைப் பார்த்தார். பக்கத்து வீட்டுப் படியில் இரண்டு குழந்தைகள் செப்பு வைத்து விளையாடிக்கொண்டிருந்தன. அப்போது பார்த்து ஒரு கன்டெய்னர் லாரி தெருமுனையில் தலையை நீட்டி, தோண்டிய பள்ளத்தைப் பார்த்துவிட்டு அலுத்துக்கொண்டு பின்வாங்கியது. பொறியாளர் அதையும் பார்த்தார். நாளைக்குச் சொல்கிறேன் என்று கோப்பை மூடிக்கொண்டு போய்விட்டார்.

கால்வாயை வளைக்க முடியவில்லை. ஆனால் குண்டனைக் குப்பையில் போடவும் அவர் சம்மதிக்கவில்லை. இரண்டடி உள்ளே தள்ளி, விபத்துத் தடுப்புத் தூண் என்று வரைபடத்தில் குறித்து, அவர்களே நட்டுத் தருவதாக ஏற்பாடு செய்தார். அப்பா ஒரே ஒரு நிபந்தனை போட்டார். ஜேசிபி தூக்கும்போது கயிற்றை அவர்தான் கட்டுவார்.

வியாழக்கிழமை காலையில் அவர் நாற்காலியிலிருந்து எழுந்து, மூட்டுத் துண்டை அவிழ்த்துப் போட்டுவிட்டு, குண்டன் கழுத்தில் கயிற்றைச் சுற்றினார். ஜேசிபிக்காரர் இரும்புச் சங்கிலி வைத்திருந்தார். "அத்த எட்த்து உள்ள வையி, வழுக்கும்" என்று அப்பா சொல்ல, அவரும் மறுபேச்சு பேசாமல் வைத்துவிட்டார். வேலையை விட்டு எத்தனையோ வருடமாகியும் அந்தக் கை ஓர் இடத்திலும் தயங்கவில்லை. குண்டன் மண்ணை உதறிக்கொண்டு மேலே எழுந்தபோது தெருவே கைதட்டியது. எதிர்வீட்டு அக்கா எல்லாருக்கும் வறுத்த மீன் கொடுத்தார். வெள்ளைக்காரன் கப்பலை இனி என்ன செய்வது என்று கேட்டேன். "அது பாட்டுக்கு நிக்கட்டும், உனக்கின்னா?" என்றார்.

அந்த வாரமே தயாரிப்பாளரிடம் போய்த் தப்பைத் திருத்த வேண்டும் என்றேன். இத்தனை வருடம் கழித்து எதற்கு என்றார். சொன்னேன். முழுவதும் கேட்டுவிட்டு, எப்போது எடுக்கலாம் என்றார்.

அதே கேமராமேன் வந்தார், இப்போது தலை முழுக்க நரை. அதே நாலு மணி, அதே மாடி நிழல். முதலில் அம்மா. கடல் விஷயத்தை நான்தான் சொல்லுவேன் என்று பிடிவாதமாகப் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்து, கருங்கல் பக்கம் கை நீட்டி, தன் பிறந்த வீடு இருந்த இடத்தைச் சொன்னாள். கூடவே, "எம் பொண்ணுக்குக் கடலப் பத்தி ஒண்ணும் தெரியாது" என்றும் சேர்த்துக்கொண்டாள். அதையும் வெட்டாமல் வைத்திருக்கிறோம்.

அடுத்து அப்பா. வெள்ளைச் சட்டை போட்டு, குண்டனை ஒட்டி நாற்காலியில் உட்கார்ந்தார். ஒரு கையைத் தானாகவே அவன் தலைமேல் வைத்துக்கொண்டார். முகத்தில் நிழல். யூனிட்டில் இப்போது நல்ல லைட்டெல்லாம் இருக்கிறது. நான் வேண்டாம் என்றேன். தெர்மாகோல் பலகை ஒன்று கேட்டு வாங்கி, வெயில் விழும் இடத்தில் அவர் அன்றைக்கு நின்ற அதே இடத்தில் நின்று, சாய்த்துப் பிடித்தேன். வெளிச்சம் போய் அவர் முகத்தில் விழுந்தது.

"இதை ஏன் இங்கே நட்டீங்க?" என்று கேட்டேன்.

கேமராவைப் பார்த்துப் பேசச் சொல்லியிருந்தோம். அவர் என்னைப் பார்த்துத்தான் பேசினார். உனக்குப் பத்து மாசம் என்று ஆரம்பித்தார். நடைவண்டி வந்தது, பால் பொங்கியது, அவர் தூக்கத்திலிருந்து எழுந்தார். ஏற்கெனவே கேட்ட கதைதான். இருந்தாலும் சக்கரம் படியேறும் இடத்துக்கு வந்தபோது என் கை நடுங்க ஆரம்பித்துவிட்டது. பலகை ஆடியது. அவர் முகத்தில் வெளிச்சம் விழுவதும் விலகுவதுமாக இருந்தது.

அப்பா பேச்சை நிறுத்தினார்.

"ஆடாம புடி பாப்பா" என்றார். "மூஞ்சில வெளிச்சம் ஆடுது."

நான் இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அவர் விட்ட இடத்திலிருந்து சொல்லத் தொடங்கினார்.